பயணம் சொல்ல வந்த சாட்சி

சில மாதங்களுக்கு முன் ஓய்வூதியக் கடிதம் ஒன்றுக்காக நீதிமன்ற அலுவலகத்துக்குப் போயிருந்தேன். பிஸ்கால் பகுதியில் இப்போது வேலை செய்பவர்கள் என்னை உட்காரவைத்துத் தேநீர் தந்து, அன்று காலை நடந்த புதினத்தைச் சொன்னார்கள். வளைகுடா நாடொன்றில் இருக்கும் சாட்சி ஒருவர், அங்குள்ள நமது தூதரகத்தில் இருந்தபடியே திரையில் தோன்றிச் சாட்சியம் சொல்லியிருக்கிறார்.

"காக்கா, ஒங்கட காலத்தில சாட்சி கடல் தாண்டிட்டா என்ன செஞ்சீங்க?" என்று ஒருவர் கேட்டார். எங்கள் முஸ்லிம் ஊர்களில் அண்ணனைக் காக்கா என்போம்.

நான் அங்கே பதில் சொல்லவில்லை. நாலு பேர் பார்த்துக்கொண்டிருந்தால் எனக்குக் கதை வராது. எழுதித் தருகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

பிஸ்கால் என்றால் என்ன வேலை என்று எனது அயலவர்களுக்கே கடைசிவரை விளங்கவில்லை. சிலர் என்னைப் பொலிஸ் என்று நினைத்தார்கள். சிலர் தபால்காரன் என்றார்கள். இரண்டாவது கிட்டத்தட்டச் சரி. நீதிமன்றம் ஒருவரை வரச்சொல்லி எழுதும் அழைப்பாணையை, நாங்கள் சம்மன்ஸ் என்போம், அதை உரியவரின் கையில் சேர்ப்பது என் வேலை. அதை எப்படிச் சேர்த்தேன், சேர்க்க முடியாவிட்டால் ஏன் முடியவில்லை என்று சத்தியம் செய்து அறிக்கை எழுதுவதும் என் வேலை. சாதாரண தரம் வரை படித்தவனுக்கு இது போதுமான உத்தியோகம். அட்டாளைச்சேனையிலிருந்து பஸ்ஸில் கல்முனைக்குப் போவேன். அங்கிருந்து சைக்கிள். பழைய பிஸ்கால் ஒருவரோடு மூன்று மாதம் பின்னால் திரிந்ததுதான் எனக்குக் கிடைத்த பயிற்சி. அவர் கற்றுத்தந்ததில் முக்கியமானது, வளவுக்குள் நுழையும் முன் நாய் இருக்கிறதா என்று பார்ப்பது.

மீதியைக் கற்றுத்தந்தவர் பதிவாளர் தங்கராசா ஐயா. கரையோரத் தமிழ்க் கிராமம் ஒன்றைச் சேர்ந்தவர். ஏசமாட்டார். பிழையான அறிக்கையை ஒற்றை விரலால் மேசையின் மறுபக்கத்துக்குத் தள்ளிவிடுவார். அந்த விரல் கடதாசியில் எந்த வரியில் நிற்கிறதோ அங்கேதான் பிழை. நாமே கண்டுபிடிக்க வேண்டும்.

ஒருமுறை, "சாட்சியின் தாயார் வீட்டில் இருந்தார்" என்று எழுதியிருந்தேன். விரல் அந்த வரியில் நின்றது. எனக்குப் பிழை தெரியவில்லை.

"தாய் எண்டு உமக்கு எப்பிடித் தெரியும்?"

"அவ சொன்னா, ஐயா."

"அப்ப, தாய் எண்டு தன்னைச் சொல்லிக்கொண்ட பெண் எண்டு எழுதும். கண்டதைக் கண்டன் எண்டு எழுதும், கேட்டதைக் கேட்டன் எண்டு எழுதும். ரெண்டையும் குழைச்சால் ஒருநாளைக்கு ஒருத்தன் அநியாயமா மறியல் வீட்டுக்குப் போவான்."

அவரிடம் இன்னொரு பிடிவாதமும் இருந்தது. ஆள் இல்லாவிட்டால் வீட்டிலுள்ள வயதுவந்தவரிடம் கொடுக்கலாம், யாருமே இல்லாவிட்டால் கதவில் ஒட்டலாம் என்று விதி உண்டு. ஆனால் கொலை வழக்கின் சாட்சிக்கு மட்டும், கையில் கொடுத்தேன் என்ற அறிக்கையைத் தவிர வேறெதையும் அவர் ஏற்கமாட்டார். பெயரைக் கேட்டு, தகப்பன் பெயரைக் கேட்டு, ஆளை உறுதிசெய்து, கையில் கொடுத்து, பிரதியின் பின்புறம் ஒப்பம் வாங்க வேண்டும். ஒப்பமிட மறுத்தால் மறுத்தார் என்று எழுத வேண்டும். வாங்கவே மறுத்தால் அவர் காணும்படி முன்னால் வைத்துவிட்டு, வைத்தேன் என்று எழுத வேண்டும்.

எங்கள் அழைப்பாணைக்கு எல்லை உண்டு என்பதைக் கடலைப் பற்றி யோசிக்க முன்பே நான் படித்துவிட்டேன். யுத்த காலத்தில் ஆற்றுக்கு அந்தப் பக்கம் இயக்கத்தின் கையில் இருந்தது. அங்கே அவர்களுடைய பொலிஸ், அவர்களுடைய கோடு, அதாவது நீதிமன்றம். துறையடியில் நின்று பார்த்தால் அக்கரையில் ஆட்கள் மாடு சாய்ப்பது தெரியும். அவர்களில் ஒருவருக்கு என் பையில் சம்மன்ஸ் இருக்கும். "அடைய முடியாத பிரதேசம்" என்று எழுதிவிட்டுத் திரும்புவேன். சாகாமம் பக்கம் வயலுக்குள் போவதென்றால் காவலரணில் பையைக் கொட்டிக் காட்ட வேண்டும். ஒரு சிப்பாய் ஒவ்வொரு சம்மன்ஸாக விரித்து, தமிழ் தெரியாமல், அரச இலச்சினையை மட்டும் பார்த்துவிட்டு மடித்துத் தந்தது நினைவிருக்கிறது. ஒழுங்காகத்தான் மடித்தார்.

பிறகு சுனாமி வந்தது. அதைப் பற்றி எழுதியவர்கள் ஏராளம். என் வீடு உள்பக்கம் இருந்ததால் தப்பியது. ஐயாவின் வீடு போனது, மூத்த மகளும் போனாள். பத்தாம் நாளோ என்னவோ, யாரோ கொடுத்த பெரிய சேட்டு ஒன்றை அணிந்துகொண்டு வேலைக்கு வந்தார். யாரும் எதுவும் கேட்கவில்லை. அவரும் சொல்லவில்லை. குவிந்து கிடந்த சம்மன்ஸ்களை எடுத்துத் தெருத் தெருவாகப் பிரிக்கத் தொடங்கினார். பாதித் தெருக்கள் அப்போது இல்லை.

கதவில் ஒட்டச் சொல்லும் விதிக்குக் கதவு வேண்டும். நான் கொண்டுபோன முதலாவது முகவரியில் கிணற்றுக்கட்டு மட்டும் இருந்தது. "வீடு காணப்படவில்லை. கிணறு காணப்பட்டது" என்று எழுதினேன்.

ஐயா வாசித்தார். "கிணத்துக்குள்ள எட்டிப் பார்த்தீரோ?"

"இல்லை, ஐயா."

"நல்லது" என்று சொல்லிக் கோவையில் போட்டுக்கொண்டார்.

இப்படியிருக்கும்போதுதான் மஹ்றூபின் வழக்கில் முதல் தவணை நெருங்கியது.

மஹ்றூப் சவூதியில், றியாத் நகரத்தில், கட்டட வேலை செய்தவர். சுனாமிக்கு ஒரு வருடத்துக்கு முன் அங்கே இறந்துபோனார். மாடிப்படியிலிருந்து விழுந்து தலையில் அடிபட்டதாகக் கடதாசி வந்தது. உடலை அங்கேயே அடக்குவதற்கு மனைவி ஹாஜறா சம்மதம் எழுதிக்கொடுத்தார். மருதமுனைப் பக்கம் கைத்தறியில் வேலை செய்த பெண் அவர். இரண்டு பிள்ளைகள். நாற்பது நாள் கழிந்த பின் ஹாஜறாவின் அயலில் இருந்த தொலைபேசிக் கடைக்கு ஓர் அழைப்பு வந்தது. மஹ்றூபோடு வேலை செய்த மலையாளி ஒருவர் பேசினார். உங்கள் புருசன் விழவில்லை, அடிபட்டார், அறையில் இருந்த அன்சாருக்கு எல்லாம் தெரியும் என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டார்.

அந்த அறையில் இருந்தவர்கள் மூவர். மூவரும் எங்கள் கரையைச் சேர்ந்தவர்கள். மஹ்றூப், அக்ரம், அன்சார். அக்ரம், மஹ்றூப் இறந்த ஒரு கிழமையில் விடுமுறை என்று சொல்லி ஊருக்கு வந்துவிட்டான். பிறகு திரும்பிப் போகவேயில்லை.

ஹாஜறா முறைப்பாடு கொடுக்கப் போனபோது, அது சவூதிக்காரனின் விசயம், அங்கே போய்ச் சொல்லுங்கள் என்றுதான் முதலில் சொல்லியிருக்கிறார்கள். அப்படி நினைத்தது அவர்கள் மட்டுமல்ல. ஊரில் எல்லோரும் அப்படித்தான் நினைத்தோம். நடந்த மண் எதுவோ அந்த மண்ணின் சட்டம் என்று. ஒரு சட்டத்தரணி கூலி வாங்காமல் அவருக்காகக் கடிதம் எழுதினார். இலங்கைப் பிரசை உலகத்தில் எங்கே குற்றம் செய்தாலும் அவனை இங்கே விசாரிக்கலாம், ஆனால் நீதவான் கோட்டில் அல்ல, மேல் நீதிமன்றத்தில் என்று நமது சட்டத்தில் இருக்கிறதாம். கடிதம் கொழும்புக்குப் போய், சவூதிக்குப் போய், அரபுக் கடதாசிகள் வந்து, மொழிபெயர்த்து, கடைசியில் சட்டமா அதிபர் அக்ரம் மீது கொலை வழக்குப் போட்டார். அக்ரம் பிணையில் இருந்தான்.

சாட்சிப் பட்டியலில் மலையாளியின் பெயரும் இருந்தது. ஐயா அந்த வரியில் விரலை வைத்தார். "இந்தக் கடதாசி கடல்ல கால் வெச்சால் வெறும் கடதாசி, தம்பி. அவர் விரும்பினால் வருவார், இல்லாட்டி இல்லை. எங்களுக்கு மிஞ்சினது இந்த அன்சார் மட்டும்."

அன்சார் சுனாமியைக் கேள்விப்பட்டு ஊருக்கு வந்திருந்தான். பொலிஸார் பதிந்திருந்தது அவனுடைய உம்மாவின் வீட்டு முகவரி. எங்கள் கரையில் ஆண்பிள்ளை கலியாணம் முடித்தால் பெண்ணுடைய வீட்டுக்குப் போய்விடுவான். வீடு பெண்ணுக்கு எழுதுவது. ஆகவே அந்த முகவரிக்கு நான் போகவேயில்லை. நேராக அவனுடைய மனைவி வீட்டாரைத் தேடினேன். அவர்களது வீடு போய், பாடசாலை மைதானத்தில் கூடாரத்தில் இருந்தார்கள். அங்கே போன பிறகுதான் எனக்குத் தெரிந்தது, அன்சாரின் மனைவி அக்ரமின் கூடப்பிறந்த தங்கை. கூடாரத்தின் வாசலில் இருந்தவர் அக்ரமின் உம்மா.

என்னைக் கண்டதும் அவர் எழும்பவில்லை. "பிஸ்கால் வந்திட்டாரு! கடல் வந்து எல்லாத்தையும் பாத்து எடுத்துப் போன இடத்தில ஒனக்கென்னடா மிச்சம் இரிக்கி?"

"மாமி, மருமகன் அன்சார் இருக்காரா?"

"இல்ல."

"எங்க போயிருக்காரு?"

"கடலுக்க போய்ப் பாரு. எங்கட ஆக்கள் முக்காவாசிப் பேர் அங்கதான் இரிக்காங்க."

பக்கத்துக் கூடாரங்களில் சிரித்தார்கள். நான் சைக்கிளை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். இரண்டாம் தரம் போனபோது கூடாரத்தின் பின்சீலை அசைந்ததைக் கண்டேன். ஆளைக் காணவில்லை. மூன்றாம் தரம் அதிகாலையில் போனேன். அவனுடைய செருப்பு இருந்தது. அறிக்கையில் "செருப்பு காணப்பட்டது" என்று எழுதினேன். "அன்சாருடைய செருப்பு எண்டு எழுதாமல் விட்டீர், சந்தோசம்" என்றார் ஐயா.

அன்சாரின் பக்கத்தையும் சொல்ல வேண்டும். மனைவி, பிள்ளை, படுக்க இடம் எல்லாம் அக்ரமின் குடும்பத்தோடு. மச்சானுக்கு எதிராகக் கூண்டில் ஏறினால் அன்றைக்கே அவன் தெருவில். அதோடு அவனுடைய சவூதி விசா முடிய இன்னும் சில நாட்கள்தான் இருந்தன. திங்கட்கிழமை விமானம் என்று சந்தையில் கேள்விப்பட்டேன். வழக்கு அதற்கு அடுத்த வியாழன். அவன் போய்விட்டால் அரசிடம் சாட்சி இல்லை. சாட்சி இல்லாவிட்டால் மஹ்றூப் படியில் விழுந்து இறந்தவர்தான். அந்தப் பெண்ணுக்கு அந்தக் கடதாசி மட்டும்தான் மிஞ்சும்.

வெள்ளிக்கிழமை வேலை முடியும் நேரம் ஐயா என்னைக் கூப்பிட்டார்.

"உங்கட ஆக்கள் வெளிநாடு போகக்க என்ன செய்யிறவங்க?"

"என்ன செய்றது, ஐயா... வேன் பிடிச்சுப் போறதுதான்."

"அதுக்கு முன்னம்?"

அப்போதுதான் எனக்குப் பட்டது. நெடும்பயணம் போகிறவன் வீடு வீடாகப் போய்ப் பயணம் சொல்வான். போகிறேன், தெரிந்தோ தெரியாமலோ பிழை செய்திருந்தால் மன்னித்துவிடுங்கள் என்று கேட்பான். அதை மாப்புக் கேட்பது என்போம். யாரிடம் மனத்தாங்கல் இருக்கிறதோ அந்த வீட்டுக்குக் கட்டாயம் போக வேண்டும். போகாவிட்டால் அந்தப் பயணம் நெஞ்சில் முள்ளாக இருக்கும்.

"ஹாஜறா வீட்டுக்கு வருவான், ஐயா" என்றேன்.

ஐயா சம்மன்ஸை எடுத்து, விரலால் என் பக்கம் தள்ளினார். அதில் பிழை எதுவும் இருக்கவில்லை.

சனிக்கிழமை காலை ஹாஜறாவின் தகரக் கொட்டிலுக்குப் போனேன். தறியும் வீடும் கடலோடு போன பின் உள்பக்கத்தில் கட்டிக்கொடுத்த கொட்டில் அது. வந்த காரணத்தைச் சொன்னேன். அவர் முந்தானையை இழுத்துத் தலையை மூடிக்கொண்டார்.

"மாப்புக் கேட்டு வாற மனிசனை என்ட வளவுக்க வெச்சுப் பிடிக்கப் போறீங்களா, காக்கா?"

"பிடிக்க இல்ல, தங்கச்சி. குடுக்க."

"ரெண்டும் ஒண்டுதானே?"

வேண்டாமென்றால் போய்விடுகிறேன் என்றேன். உண்மையில் அவர் வேண்டாமென்று சொல்லிவிட்டால் நல்லது என்றுதான் எனக்கு இருந்தது. அவர் உள்ளே போய் ஒரு பிளாஸ்டிக் கதிரையைக் கொண்டுவந்து கொட்டிலின் பக்கவாட்டில், படலையிலிருந்து பார்த்தால் தெரியாத இடத்தில், போட்டார்.

அன்சார் பிற்பகல் அஸர் தொழுகைக்குப் பிறகு வந்தான். தொப்பி அணிந்திருந்தான். முப்பது வயது இருக்கும். படலைக்கு வெளியே நின்றே, அக்கா என்ற முறையில் கூப்பிட்டான்.

"ராத்தா!"

"வா, அன்சார்." அவன் கொட்டிலின் வாசலடிக்கு வந்து நின்றான்.

"பயணம் சொல்ல வந்தன், ராத்தா. நாளைக்கு வேன். நான் ஏதும் பிழ செஞ்சிருந்தா அல்லாவுக்காக மாப்புத் தரணும்."

விதிப்படி நான் அந்த இடத்தில் எழும்பிப் போயிருக்க வேண்டும். ஆள் தெரிகிறது, கைக்கு எட்டும் தூரம். நான் எழும்பவில்லை. ஒரு மனிதன் மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருக்கும்போது குறுக்கே கடதாசியை நீட்ட எனக்குக் கை வரவில்லை. கூச்சம் என்றுதான் நினைக்கிறேன். அதற்கு வேறு நல்ல பெயர் எதுவும் கொடுக்க விரும்பவில்லை.

"என்ன பிழை செஞ்ச?" என்று ஹாஜறா கேட்டார்.

அவன் தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டான்.

"அவர் விழுந்தாரா, அன்சார்?"

அவன் சொன்னான். "இல்ல, ராத்தா. மச்சான் அடிச்ச. சாரம் கட்டுற பைப்பால. கோவத்தில ஒரு அடி."

"என்னத்துக்கு?"

"ஊர்க் கதை ஒண்டு. மஹ்றூப் காக்கா பகிடியாத்தான் செல்லின. அவன் பகிடியா எடுக்கல்ல."

அதற்குப் பிறகு நான் எழும்பிப் போனேன். பெயரைக் கேட்டேன். தகப்பன் பெயரைக் கேட்டேன். அவன் ஓடவில்லை. ஹாஜறாவைப் பார்த்தான், என்னைப் பார்க்கவில்லை. சம்மன்ஸை வாங்கி, கதிரையின் கைப்பிடியில் வைத்து ஒப்பமிட்டான்.

"வியாழக்கிழமை எண்டு போட்டிரிக்கி, காக்கா. எனக்குத் திங்கள் ப்ளைட்."

"ஓம்."

"போனா என்ன செய்வாங்க?"

"பிடியாணை போடுவாங்க."

"சவூதிக்கு வருமா?"

பொய் சொல்லியிருக்கலாம். "வராது" என்றேன்.

அவன் ஹாஜறாவிடம் திரும்பினான். "ராத்தா, நான் உங்களுக்கிட்ட உள்ளதைச் செல்லிட்டன். மாப்புத் தாங்க, நான் போறன்."

"எனக்கிட்டச் சொன்னது எனக்கு மட்டும்தான் கேட்ட" என்றார் ஹாஜறா. "கோட்டில நிண்டு செல்லு. செல்லிட்டு வா. அதுக்குப் பொறகு தாறன். இப்ப தர மாட்டன்."

"ராத்தா..."

"நீ போறதை நான் மறிக்க ஏலா. போ. மாப்பு இல்லாமப் போ."

அவன் போனான். மறுநாள் வேனும் போனது. ஞாயிற்றுக்கிழமை பயணத்தடை கேட்க எந்தக் கோடும் இல்லை. திங்கள் காலை அறிக்கையை ஐயாவிடம் கொடுத்தேன். கையில் கொடுத்தேன், ஒப்பமிட்டார். அவ்வளவுதான் எழுதியிருந்தேன். அவன் சொன்னதைக் கேட்டீரா என்று ஐயா விசாரித்தார். கேட்டேன் என்றேன்.

"அதைக் கோட்டில சொல்ல உமக்கு ஏலாது. கண்டவன் சொல்லவேணும். நீர் கேட்டவர்" என்றார். பிறகு, "ஆனால் எனக்குச் சொல்லும்" என்றார். சொன்னேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

வியாழக்கிழமை நான் நீதிமன்றத்தின் பின்வரிசையில் நின்றேன். எதிரியான அக்ரமின் சட்டத்தரணி எழுந்து, றியாத்தில் நடந்ததாகச் சொல்லப்படும் ஒன்றை விசாரிக்க இந்த நீதிமன்றத்துக்கு நியாயாதிக்கம் இல்லை என்று அரைமணி நேரம் வாதாடினார். நீதிபதி பொறுமையாகக் கேட்டார். எதிரி இலங்கைப் பிரசை என்பதை மறுக்கிறீர்களா என்று ஒரே ஒரு கேள்வி கேட்டார். மறுக்கவில்லை. அப்படியானால் அவர் போன இடமெல்லாம் இந்தச் சட்டமும் அவரோடு போயிருக்கிறது என்று சொல்லி ஆட்சேபனையைத் தள்ளினார். அடுத்ததாகச் சாட்சியைக் கூப்பிட்டார்கள். நீதிமன்ற வாசலில் மூன்று தரம் அன்சாரின் பெயரைக் கூவினார்கள். யாரும் வரவில்லை.

நான் அன்றைக்குப் படித்தது அதுதான். சட்டம் ஆளோடு கடல் தாண்டிப் போகிறது. நான் கொடுத்த கடதாசி போகாது.

பிடியாணை போட்டார்கள். தவணை தவணையாக வழக்கு நகர்ந்தது. ஒவ்வொரு தவணைக்கும் ஹாஜறா வந்து சுவரோரமாக நிற்பார். அக்ரமும் வருவான். ஆரம்பத்தில் தலையைக் குனிந்துகொண்டு வந்தவன், போகப்போகச் சும்மா கடைக்கு வருவது போல வந்தான். தங்கராசா ஐயா ஓய்வு பெற்றார். நாட்டில் சண்டை திரும்பவும் தொடங்கி, ஆற்றுக்கு அந்தப் பக்கம் கைமாறி, கடைசியில் வடக்கில் யுத்தம் முடிந்தது. ஆற்றைத் தாண்டிச் சம்மன்ஸ் கொண்டுபோகலாம் என்று எங்களுக்குச் சொன்னார்கள். போனேன். பழைய பெயர்களில் பாதிப்பேர் அங்கே இருக்கவில்லை.

யுத்தம் முடிந்த அந்த வருடத்திலேயே, ஒரு காலை, அன்சார் எங்கள் அலுவலகக் கருமபீடத்தின் முன் வந்து நின்றான். மெலிந்து, தாடியில் நரை விழுந்திருந்தான். எனக்கு அடையாளம் தெரியவில்லை. அவனே பெயரைச் சொன்னான்.

"காக்கா, எனக்குப் பிடியாணை இரிக்காம். நான் வந்திட்டன்."

பொலிஸுக்குத் தகவல் சொல்ல வேண்டும் என்றேன். சொல்லுங்கள் என்று வாங்கில் உட்கார்ந்தான். பொலிஸார் வரும்வரை நானும் அவன் பக்கத்தில் உட்கார்ந்தேன். பிறகு நான்தான் கேட்டேன், யாரும் கூப்பிடாமல் ஏன் வந்தாய் என்று.

"அங்க வெள்ளிக்கிழமையில மக்காவுக்கு பஸ் போகும், காக்கா. ரூமில எல்லாரும் உம்றா செய்யப் போவாங்க. நானும் பேர் குடுப்பன். பஸ் வெளிக்கிடுற நேரம் இறங்கிருவன். நாலு வருசமும் இதுதான். அந்த மண்ணில இருந்துகொண்டு கஃபாவைக் காணல்ல. ராத்தாட மாப்பு இல்லாம எந்த மூஞ்சையோட போற?"

அவன் பொலிஸில் முழு வாக்குமூலமும் கொடுத்தான். அதில் நான் கொட்டிலில் கேளாத ஒன்றும் இருந்தது. அதைச் சொன்னால் அவனுக்கே வழக்கு வரும் என்பதால், முழு உண்மையையும் கூண்டில் சொன்னால் அவனை மன்னிப்பதாகச் சட்டமா அதிபர் எழுத்தில் கொடுத்தார். சட்டத்தில் அப்படி ஓர் ஏற்பாடு உண்டு. மனைவி வீட்டார் அவனை உள்ளே எடுக்கவில்லை. உம்மாவின் வீட்டில் படுத்தான். எங்கள் கரையில் கலியாணம் முடித்த ஆண் தாய்வீட்டில் படுப்பது எவ்வளவு மானக்குறைவு என்பதை வெளியூர்க்காரர்களுக்கு விளக்குவது கஷ்டம்.

சாட்சியம் சொன்ன நாள் ஹாஜறா வழக்கம்போலச் சுவரோரம் நின்றார். அன்சார் சத்தியம் செய்தான். பகிடி, கோபம், பைப், ஒரு அடி. அதுவரை ஹாஜறாவுக்குத் தெரியும். அரச சட்டத்தரணி அடுத்த கேள்வியைக் கேட்டார்.

"பிறகு என்ன செய்தீர்கள்?"

"தூக்கிட்டுப் போய்ப் படியடியில வெச்ச."

"யார் தூக்கியது?"

"அக்ரம் தோள்ப்பக்கம். நான் கால்ப்பக்கம்."

"அப்போது அவர் இறந்திருந்தாரா?"

அன்சார் நீதிபதியைப் பார்த்தான். "இல்ல, ஐயா. மூச்சு இருந்த."

நீதிபதி அதைக் குறித்துக்கொண்டார். நான் ஹாஜறா பக்கம் திரும்பவில்லை.

இடைவேளைக்கு எல்லோரும் வெளியே வந்தார்கள். ஹாஜறா வாகைமரத்தின் கீழே மகனோடு நின்றார். மகன் அப்போது அவரைவிட உயரம். அன்சார் நேராக அவரிடம் போனான். நான் கொஞ்சம் தள்ளி நின்றேன். கேட்கும் தூரம்தான்.

"ராத்தா, செல்லிட்டன்."

அவர் கேட்டது இது. "எவ்வளவு நேரம் இருந்த, அந்த மூச்சு?"

"மத்தியானம் லுஹர் பாங்கு சொல்லக்க இருந்த. ஆக்கள் வந்து பாக்கக்க இல்ல."

"நீ ஆரையும் கூப்பிடல்ல?"

"இல்ல, ராத்தா. பயம்."

மகன் ஓரடி முன்னே வைத்தான். தாய் அவனுடைய கையைப் பிடித்து நிறுத்தினார். பிடித்த கையை விடாமலே அன்சாரிடம் பேசினார்.

"கோட்டில நிண்டு செல்லு, மாப்புத் தாறன் எண்டு நான் சொன்ன. நீ செல்லிட்ட. எனக்கிட்ட ஒளிச்சது, என்னை இந்தக் கோட்டு வாசலில இவ்வளவு காலம் நிக்க வெச்சது, அதெல்லாம் நான் பொருந்திட்டன். அது என்ட. தந்திட்டன். அந்தப் படியடியில அவர் கெடந்த நேரம் இரிக்கே, அது அவர்ர. அதைத் தர எனக்கு ஏலா, அன்சார். என்ட கையில இல்ல."

"அப்ப நான் ஆருக்கிட்டக் கேக்க?"

ஹாஜறா திரும்பினார். மகனைக் கூட்டிக்கொண்டு பஸ் நிலையத்தின் பக்கம் போனார்.

சில மாதங்களில் தீர்ப்பு வந்தது. கொலை அல்ல, கோபத்தில் நடந்துபோன கைமோசக் கொலை என்று அக்ரமுக்குச் சிறை. தீர்ப்பன்று ஹாஜறா வரவில்லை. செய்தியை நான் போய்ச் சொன்னேன். "நல்லது, காக்கா" என்றார். தேநீர் தந்தார். அவரிடம் புதுத் தறி ஒன்று இருந்தது.

அன்சார் மட்டும் இன்னொரு தரம் அலுவலகத்துக்கு வந்தான். திரும்பவும் சவூதிக்கு விசா கிடைத்திருப்பதாகச் சொன்னான். மஹ்றூப் காக்காவை அடக்கிய இடம் வழக்கேட்டில் இருக்கிறதா என்று கேட்டான். இருந்தது. அரபுக் கடதாசிகளில் ஒன்றில் மையவாடியின் பெயரும் கபுறின் இலக்கமும் மொழிபெயர்க்கப்பட்டிருந்தன. அதன் பிரதி வேண்டுமென்றால் முத்திரை ஒட்டி மனுக் கொடுக்க வேண்டும். அவனுக்கு மனு எழுத வராது. நான் எழுதிக்கொடுத்தேன். என்ன தேவைக்காக என்ற இடம் வந்ததும் பேனாவை நிறுத்தி அவனைப் பார்த்தேன்.

"மாப்புக் கேக்க எண்டு போடுங்க" என்றான்.

சொந்தத் தேவை என்று எழுதினேன். பிரதி வருவதற்கு மூன்று கிழமை ஆனது. அவன் விமானத்தைத் தள்ளிப்போட்டுக் காத்திருந்து, அதை வாங்கிக்கொண்டு போனான்.